பெருநாள் விருந்துக்கு அழைக்கப்பட்டிருக்கும் மகளுக்கு

அன்புள்ள மகள் கயல்விழிக்கு,

அப்பா எழுதிக்கொள்வது. இங்கு அனைவரும் நலம். அம்மாவின் முழங்கால் வலி இந்த மழைக்குச் சற்றுக் கூடியிருக்கிறது, வேறொன்றும் இல்லை.

ஓமானில் நீ செவிலியராக வேலை பார்க்கும் வார்டில் பிரசவத்திற்காகத் தங்கியிருந்த பெண்ணின் தாயார், ஹஜ்ஜுப் பெருநாளுக்குத் தங்கள் வீட்டுக்கு வரும்படி அழைத்திருப்பதாகவும், போவது முறையாக இருக்குமா என்று தயங்குவதாகவும் சொன்னாய். நோயாளிகளைப் பார்க்க வருகிறவர்கள் நலம் விசாரிப்பதிலேயே கால் மணி நேரத்தைக் கரைத்துவிடுகிறார்கள் என்றும், வயிற்றுவலி என்று வந்த மூதாட்டிகூட உன் வீட்டார் எப்படி இருக்கிறார்கள் என்று கேட்ட பிறகுதான் வலி எங்கே என்று சொல்கிறார் என்றும் அலுத்துக்கொண்டாய். தொலைபேசியில் பேசினால் பாதிப் பேச்சில் உனக்கு டூட்டி அழைப்பு வந்துவிடுகிறது, ஆகவே எழுதுகிறேன். மருத்துவமனை விதி இதற்கு இடம் தருகிறதா என்பதை முதலில் உன் தலைமைச் செவிலியரிடம் கேட்டுக்கொள். தடை இல்லையென்றால் தயங்காமல் போய் வா.

அதே ஓமானில், நிஸ்வா நகரின் கடைத்தெருவில் நான் கணக்கு எழுதிக்கொண்டிருந்த காலத்தில், நிலுவை வசூலுக்காகச் சுற்றியுள்ள ஊர்களுக்குப் போக வேண்டியிருக்கும். போன வீட்டில் எடுத்த எடுப்பிலேயே பாக்கியைப் பற்றிப் பேச முடியாது. ஸலாம் சொல்லிக் கை கொடுத்ததும், உடம்பு எப்படி, பிள்ளைகள் நலமா, ஊரில் மழை உண்டா என்று கேள்விகள் வரிசையாக வரும், அவற்றையே நாமும் திருப்பிக் கேட்க வேண்டும். ஓமானின் உட்பகுதி ஊர்களில் இதற்கு மேலும் ஒரு கட்டம் உண்டு. வந்தவர் அமர்ந்தபின் வீட்டுக்காரர் முறைப்படி செய்தி என்ன என்று விசாரிப்பார், எல்லாம் நலம் என்பதே அதற்குரிய பதில். கெட்ட செய்தியோடு வந்தவரும் முதலில் அப்படிச் சொல்லிவிட்டுத்தான் பிறகு விஷயத்துக்கு வருவார். எனக்கும் தொடக்கத்தில் இது பொறுமையைச் சோதித்தது. ஆனால் இந்த விசாரிப்பைக் குறுக்கே வெட்டியவர் எவருக்கும் அங்கே பணம் சீக்கிரம் வந்து நான் பார்த்ததில்லை. உன்னிடம் வீட்டைப் பற்றிக் கேட்கும் மூதாட்டி, தன் உடம்பை யாரிடம் காட்டப்போகிறோம் என்று தெரிந்துகொள்கிறாள். பிரஷர் பார்க்கும் பட்டையைக் கையில் சுற்றிக்கொண்டே பதில் சொல், இரண்டும் சேர்ந்தே நடந்துவிடும்.

அந்த நாட்டில் யார் முன், யார் பின், எவ்வளவு நேரம் என்பதில் எல்லோருக்கும் இருக்கும் நிதானம் எங்கிருந்து வருகிறது என்பது ஃபலஜ் என்னும் பாசனக் கால்வாயின் தண்ணீரைப் பார்த்த பிறகே எனக்குப் பிடிபட்டது. உனக்கும் விடுமுறை நாளில் நிஸ்வாவிலுள்ள ஃபலஜ் தாரிஸ் வரை போய்வர நேரம் கிடைக்கும். 2006ஆம் ஆண்டு யுனெஸ்கோ உலக மரபுச் சின்னங்களில் சேர்த்த ஐந்து ஃபலஜ்களில் அதுவும் ஒன்று. மலையடிவாரத்தில் தாய்க்கிணறு தோண்டி, அங்கிருந்து நிலத்தடியில் மிக மெல்லிய சரிவாகச் சுரங்கம் வெட்டி, மோட்டாரோ ஏற்றமோ இல்லாமல் தண்ணீரைத் தானாகவே ஊருக்குள் கொண்டுவருகிறார்கள். அத்தகைய கால்வாய்கள் ஏறக்குறைய 3,000 ஓமானில் இன்றும் ஓடுகின்றன. தண்ணீர் வெளிச்சத்துக்கு வரும் இடத்தில் குடிநீர் எடுப்பார்கள், அதற்குக் கீழே தொழுகைக்குமுன் கைகால் கழுவும் இடமும் ஆண்களும் பெண்களும் தனித்தனியாகக் குளிக்கும் அடைப்புகளும் இருக்கும், அவற்றையெல்லாம் கடந்த பிறகே அது தோட்டத்துக்குள் நுழையும். தோட்டத்திலும் பேரீச்சைக்கு முதலிடம், பருவப் பயிர்கள் கடைசியில். மழை பொய்த்த ஆண்டில் பயிர் நிலத்தைத் தரிசாகப் போட்டுவிட்டு மரங்களைக் காப்பாற்றிக்கொள்வார்கள்.

தண்ணீரின் பங்கைக் காலத்தால் அளக்கிறார்கள். அரை மணி நேரம் ஓர் அதர். பகலில் நட்டுவைத்த கம்பின் நிழலையும் இரவில் நட்சத்திரங்களையும் பார்த்து முன்பு முறை மாற்றினார்கள், இப்போது கைக்கடிகாரம் வந்துவிட்டது. பங்குகளை வாங்கலாம், விற்கலாம், வாரிசாகப் பெறலாம். பள்ளிவாசலுக்கென்றும் கால்வாயைப் பழுது பார்ப்பதற்கென்றும் ஒதுக்கிய பங்குகளை ஏலத்தில் விட்டு அந்தப் பணத்தைப் பொதுச்செலவுக்கு வைத்துக்கொள்வார்கள். நம் கண்மாயில் மடை திறந்து வயல்வயலாகத் தண்ணீர் பாய்ச்சிய நீர்க்கட்டியை நீ சிறுமியாக இருந்தபோது பார்த்திருக்கிறாய். அங்கே அந்த வேலையைச் செய்பவரை அரீஃப் என்பார்கள். நான் பார்த்த ஒரு முதியவர், தன் முறை வர இன்னும் சில நிமிடம் இருக்கிறது என்று மண்வெட்டியைக் கரையில் ஊன்றிக்கொண்டு நின்றார். பக்கத்துத் தோட்டத்தில் ஆளே இல்லை, தண்ணீர் வாய்க்காலில் வழிந்து போய்க்கொண்டிருந்தது. ஆனாலும் நேரம் வந்த பிறகுதான் அவர் தம் மடைவாயை அடைத்திருந்த துணியையும் கல்லையும் எடுத்தார்.

இனி விருந்துக்கு வருகிறேன். முதலில் பழமும் பேரீச்சையும் அல்வாவும் வரும். ஓமானி அல்வா நம் கடை அல்வா போலத் துண்டாக நிற்காது. மாவுச்சத்து, சர்க்கரை, நெய், குங்குமப்பூ, ஏலக்காய், பன்னீர் சேர்த்து நெடுநேரம் கிண்டிய அதை வலக்கை விரலால் கொஞ்சமாக வழித்துத்தான் தின்ன வேண்டும். அதன்பின் கஹ்வா, அதாவது அவர்கள் காப்பி. பால் இல்லை, சர்க்கரையும் இல்லை, அந்தக் கசப்புக்கு இனிப்பு பேரீச்சைதான். ஊற்றுகிறவர் இடக்கையில் தல்லா என்னும் காப்பிக் கூஜாவையோ இப்போது எல்லா வீட்டிலும் இருக்கும் பிளாஸ்கையோ பிடித்து, வலக்கையால் பிடியில்லாத சிறு கோப்பையை நீட்டுவார். கோப்பையில் கால்வாசியே இருக்கிறதே என்று நினைக்காதே. நிரம்ப ஊற்றினால் குடித்துவிட்டுக் கிளம்பு என்று பொருளாகிவிடும். வலக்கையால் வாங்கிக் குடித்துக் கொடுத்தால் மீண்டும் ஊற்றிக்கொண்டே இருப்பார். போதும் என்றால் வாயால் சொல்ல வேண்டியதில்லை, கோப்பையை இரண்டு முறை லேசாக ஆட்டிக் கொடு. ஒரு கோப்பையும் குடிக்காமல் மறுப்பதுதான் அவர்கள் மனத்தைப் புண்படுத்தும்.

பெருநாளின் இரண்டாம் நாளோ மூன்றாம் நாளோ உன்னை அழைத்திருந்தால் சாப்பாட்டில் ஷுவா கட்டாயம் இருக்கும். மசாலாவும் பூண்டும் வினிகரும் பூசிய ஆட்டிறைச்சியை வாழைச் சருகில் பொதிந்து, ஈச்ச ஓலைப் பையில் கட்டி, கங்கு நிறைந்த குழியில் போட்டு, புகை வெளியேறாதபடி மண்ணால் மூடிவிடுவார்கள். ஓரிரு நாள் கழித்துத்தான் திறப்பார்கள். குழி தெருவுக்கே பொது. எந்தப் பை யாருடையது என்று தெரிவதற்காக ஒவ்வொரு வீட்டாரும் ஓர் அடையாளம் கட்டியிருப்பார்கள். திறக்கும்போது தெரு ஆண்கள் அத்தனை பேரும் குழியைச் சுற்றி நிற்பார்கள். பெருநாளுக்கு முந்தைய வெள்ளிக்கிழமை நிஸ்வா ஆட்டுச் சந்தையையும் விட்டுவிடாதே. விற்பவர் ஆட்டை இழுத்துக்கொண்டு வட்டமாக நடந்தபடியே விலை கூவுவார், வாங்குபவர்கள் சுற்றி நின்று பல்லையும் மடியையும் பிடித்துப் பார்த்துப் பேரம் பேசுவார்கள். என் காலத்தில் வியாழனும் வெள்ளியும் வார விடுமுறை. 2013 மே மாதம் முதல் அது வெள்ளி, சனியாக மாறிவிட்டது, சந்தை மட்டும் அதே வெள்ளிக்கிழமையில் இருக்கிறது.

எனக்குக் கிடைக்காத ஒன்று உனக்குக் கிடைக்கப்போகிறது. அத்தனை ஆண்டு இருந்தும் நான் கண்டதெல்லாம் வாசலை ஒட்டிய ஆண்கள் கூடம்தான். உள்ளேயிருந்து தட்டு வரும், சிரிப்புச் சத்தம் வரும், அவ்வளவே. பெண்ணென்பதால் நீ நேரே உள்ளே போவாய், பிள்ளை பெற்றவளின் நாற்பது நாள் தனிமையைப் பார்ப்பாய், அவளைக் காண வரும் அக்கம்பக்கத்துப் பெண்களோடு ஒரே தட்டில் உண்பாய். அங்குள்ள மூத்த பெண்களில் சிலர் தங்களுக்குள் ஸ்வாஹிலி பேசினால் வியக்காதே. கிழக்கு ஆப்பிரிக்கத் தீவான சான்சிபாரில் 1964இல் நடந்த புரட்சிக்குப் பிறகும், 1970இல் சுல்தான் காபூஸ் பட்டத்துக்கு வந்தபின் இன்னும் மிகுதியாகவும், அங்கிருந்து திரும்பி வந்த ஓமானிக் குடும்பங்கள் பல. அத்தகைய வீடென்றால் தேங்காய்ப்பால் ஊற்றிய குழம்பு உனக்குக் கிடைக்கலாம்.

தட்டு தரையில்தான் இருக்கும். பாதத்தின் அடிப்பக்கம் யாரையும் நோக்காதபடி காலை மடித்து உட்கார். நல்ல கறித்துண்டுகளை உன் பக்கமாகத் தள்ளிக்கொண்டே இருப்பார்கள், கூச்சப்படாமல் சாப்பிடு. சாம்பிராணிப் புகை சுற்றி வந்து, கையில் பன்னீரும் தெளித்துவிட்டால் எழுந்துகொள்ளலாம். அதற்குமேல் உட்கார்ந்திருப்பதை வளைகுடா நாடுகள் எதிலும் விரும்பமாட்டார்கள். வெறுங்கையோடு போகாதே. அம்மா கொடுத்தனுப்பிய முந்திரிப்பொதியைப் பிரிக்காமல் வைத்திருந்தால் அதையே கொடு.

ஒருமுறை நீ போனால் அவர்களும் உன் குவார்ட்டர்ஸுக்கு வருவார்கள். முன்கூட்டிச் சொல்லாமலும் வரக்கூடும். அதனால் வெளிர் வறுவலாக அரைத்த கஹ்வாத் தூளும் ஏலக்காயும் கொஞ்சம் பேரீச்சையும் எப்போதும் கையிருப்பில் வைத்துக்கொள். பழக்க தோஷத்தில் பாலும் சர்க்கரையும் போட்டு நீட்டிவிடாதே.

அன்புடன்,
அப்பா