செயலாளரின் ஆண்டறிக்கை, 2022: கிளாரன்ஸ் கிளெமன்ஸ் நினைவாண்டு

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும் நிர்வாகக்குழுவினருக்கும் மன்ற உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

நியூ ஜெர்சியில் குடியிருந்துகொண்டு இந்த ஊரின் இசையை அறியாதிருப்பது முறையன்று என்று சென்ற பொதுக்குழுவில் எழுந்த கருத்தை ஏற்று, சாக்ஸபோன் கலைஞர் கிளாரன்ஸ் கிளெமன்ஸ் பிறந்து 80 ஆண்டுகள் நிறைவுற்றதை முன்னிட்டு, நமது இசை ரசிகர் மன்றத்தின் இவ்வாண்டு அமர்வுகள் அனைத்தும் அவருக்கே ஒதுக்கப்பட்டன. சாக்ஸபோன் என்றதும் கத்ரி கோபால்நாத்தை நினைக்கும் நம்மில் பலருக்கு, ராக் இசையில் அக்கருவிக்கு என்ன வேலை என்ற ஐயம் தொடக்கத்தில் இருந்ததை மறைப்பதற்கில்லை.

முதல் அமர்வு அவரது இளமைக்காலம் பற்றியது. விர்ஜீனியாவில் மீன் கடை நடத்தியவரின் மகனாக 1942 ஜனவரி 11 அன்று பிறந்த கிளெமன்ஸ், ஒன்பதாம் வயதில் கிறிஸ்துமஸ் பரிசாகப் பொம்மை ரயிலை எதிர்பார்த்திருந்தபோது, தந்தை அவர் கையில் ஒரு சாக்ஸபோனைக் கொடுத்தார். கல்லூரியில் இசைக்கும் அமெரிக்கக் கால்பந்துக்கும் சேர்த்தே உதவித்தொகை பெற்றவர் அவர். தொழில்முறை அணித் தேர்வுக்கு முதல் நாள் நேர்ந்த கார் விபத்து அந்த வழியை அடைத்துவிட்டது. 1960களில் நமது மாநிலத்து ஜேம்ஸ்பர்க் சிறார் சீர்திருத்தப் பள்ளியில் ஆலோசகராக இருந்துகொண்டே குழுக்களில் வாசித்து வந்தார்.

கோடையில் உறுப்பினர்கள் ஆஸ்பரி பார்க் கடற்கரைக்குச் சென்று வந்தோம். 1971 செப்டம்பரில் புயல் வீசிய ஓர் இரவில், அங்கே ராக் பாடகர் புரூஸ் ஸ்பிரிங்ஸ்டீன் பாடிக்கொண்டிருந்த மதுவிடுதிக்குள் கிளெமன்ஸ் நுழையக் கதவைத் திறந்ததும், அது கீலிலிருந்து பிய்த்துக்கொண்டு காற்றில் பறந்தது என்பது இருவருமே ஆண்டுக்கணக்கில் சொல்லி வந்த கதை. கொஞ்சம் மிகை இருக்கலாம். ஆறடிக்கு மேல் உயர்ந்த அந்த ஆகிருதியைப் படத்தில் பார்த்தவர்கள் நம்பவே செய்வார்கள். 1972 முதல் அவர் ஸ்பிரிங்ஸ்டீனின் குழுவான இ ஸ்ட்ரீட் பேண்டின் நிலையான உறுப்பினர்.

அதிக நேரம் எடுத்துக்கொண்டது 1975இல் வெளியான 'பார்ன் டு ரன்' இசைத்தட்டுக்கான அமர்வு. அதன் கடைசிப் பாடலான 'ஜங்கிள்லேண்ட்'டில் இரண்டு நிமிடங்களுக்கு மேல் நீளும் சாக்ஸபோன் பகுதியைப் பதிவுசெய்ய, ஸ்பிரிங்ஸ்டீன் ஒவ்வொரு சுரமாகச் சொல்லச் சொல்ல, ஏறத்தாழ 16 மணி நேரம் பிடித்ததாம். அந்த இடம் வந்தபோது நாம் வாடகைக்கு எடுத்திருந்த ஒலிபெருக்கி நின்றுவிட்டது குறித்துப் பல உறுப்பினர்கள் எழுத்திலேயே வருத்தம் தெரிவித்துள்ளனர்; செயலாளர் என்ற முறையில் பொறுப்பேற்கிறேன். மறுமுறை ஒலித்தபோது அரங்கில் எவரும் பேசவில்லை. பாடகர் விட்ட இடத்திலிருந்து கதையைச் சாக்ஸபோன் எடுத்துச் சொல்வதால், இதைப் பக்கவாத்தியம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

நடிப்பைப் பற்றிய அமர்வு சிறியதே. அவர் ஏற்ற வேடங்களும் சிறியவையே. 1977இல் மார்ட்டின் ஸ்கார்செஸியின் 'நியூயார்க், நியூயார்க்' படத்தில் ராபர்ட் டி நீரோ சாக்ஸபோன் கலைஞராக வர, உண்மையான சாக்ஸபோன்காரருக்கோ டிரம்பெட் வேடம் தரப்பட்டது. இதைக் கேட்டு அரங்கம் சிரித்தது. 1989இல் 'பில் அண்ட் டெட்' நகைச்சுவைப் படத்தில் எதிர்கால உலகின் முதன்மையான மூவரில் ஒருவராக வந்தார். பால்டிமோர் நகரைக் களமாகக் கொண்ட 'தி வயர்' தொடரில் இளைஞர் நலப் பணியாளராக அவர் தோன்றியபோது, ஜேம்ஸ்பர்க் அனுபவம் துணைக்கு வந்திருக்கும் என்பது என் ஊகம்.

1989இல் ஸ்பிரிங்ஸ்டீன் குழுவைக் கலைத்ததும், பத்தாண்டு கழித்து அனைவரும் மீண்டும் இணைந்து பயணம் புறப்பட்டதும், முழங்கால் வலியோடு அவர் மேடையேறியதும் இறுதி அமர்வில் இடம்பெற்றன. பக்கவாதத்தால் தாக்கப்பட்டு 2011 ஜூன் 18 அன்று 69ஆம் வயதில் அவர் காலமானார். அவர் நின்ற இடத்தில் அண்ணன் தம்பி வழி மகன் ஜேக் கிளெமன்ஸ் 2012 முதல் வாசித்து வருகிறார்.

மன்றத்திற்காகப் 'பார்ன் டு ரன்' பழைய இசைத்தட்டு ஒன்று வாங்கப்பட்டது. அதன் உறையின் முன்பக்கத்தில் ஸ்பிரிங்ஸ்டீன் யாரோ ஒருவர் தோளில் சாய்ந்திருப்பதுதான் தெரியும். விரித்தால்தான், தொப்பியணிந்து சாக்ஸபோன் ஊதும் கிளெமன்ஸ் பின்பக்கத்தில் முழுமையாகத் தெரிவார். ஆகவே உறையை இரு பக்கமும் விரித்தே சட்டமிட்டு மாட்ட வேண்டும் என்று நிர்வாகக்குழு ஒருமனதாகத் தீர்மானித்தது. சட்டத்திற்கான செலவு பொருளாளரின் கணக்கில் காட்டப்பட்டுள்ளது.

இவண்,
செயலாளர்