பாடியவர் என்ற இடத்தில் இணையத்தளத்தின் பெயர்

ஆசிரியர் அவர்களுக்கு,

திருகோணமலையில் முப்பது வருடமாக ஒலிபெருக்கி வாடகைக்கு விடுகிறேன். போன மாதம் பாலையூற்றில் ஒரு சாமத்தியவீடு. பிள்ளையை மணவறைக்குக் கூட்டிவரும் நேரம் பார்த்து ஒரு பழைய பாட்டைப் போட்டேன். பல்லவி முடிந்து சரணம் தொடங்க, குறுக்கே ஒரு பெண்குரல் வந்து இணையத்தள முகவரி ஒன்றை நிறுத்தி நிதானமாக வாசித்தது. சபை சிரித்தது. தாய்மாமன் என்னைப் பார்த்த பார்வையை இங்கே எழுதத் தேவையில்லை.

குற்றம் என்னுடையதுதான். இலவசம் என்று அந்தத் தளத்தில் வருடக்கணக்காகப் பாட்டு இறக்கியவன் நான். அன்றிரவே மடிக்கணினியைத் திறந்து பாட்டுக் கோப்புகளின் விபரத்தைப் பார்த்தேன். பாடியவர் என்ற இடத்தில் தளத்தின் பெயர். இசையமைப்பாளர் என்ற இடத்திலும் அதுவே. ஆயிரக்கணக்கான பாட்டுகளை ஒரே ஆள் பாடி, ஒரே ஆள் இசையமைத்த மாதிரி. முன்பு ரெக்கோடிங் பாரில் 60 நிமிடக் கசற் ஒன்றை நிரப்பக் கொடுத்தால், படம், பாடியவர், இசை எல்லாம் அட்டையில் கையால் எழுதித் தருவார்கள். அதுவும் அனுமதி வாங்கிச் செய்த வியாபாரம் இல்லைத்தான். ஆனாலும் பெயரை அழிக்கவில்லை.

சத்தத்தின் கதை இன்னும் மோசம். செக்கனுக்கு 128 கிலோபிட் எம்.பி.3 என்றால் ஐந்து நிமிடப் பாட்டு 5 மெகாபைட்டுக்குள் அடங்கும். 320 என்றால் 12 மெகாபைட் வரும். பல கோப்புகள் 320 என்று பெயர் போட்ட பழைய 128. கோப்பைச் சிறிதாக்க ஒருமுறை வெட்டி எறிந்த மேல்சுரங்கள், கோப்பைப் பெருப்பித்தால் திரும்பி வராது. கைத்தொலைபேசியில் இது தெரியாது. 15 அங்குலப் பெட்டியிலும் ஹோர்னிலும் போட்டால், ஜால்ராவைத் தண்ணீருக்குள் பிடித்துத் தட்டுவதுபோல் கேட்கும்.

சரி, வேறு என்ன வழி? இணையம் வழியாகப் பாட்டுக் கேட்கும் ஸ்பொட்டிஃபை 2021 முதல் இலங்கையில் கிடைக்கிறது. காசு கட்டினால் இணைப்பில்லாமலும் கேட்கலாம். 30 நாளுக்கு ஒருதடவையாவது இணைப்பில் வந்தால் போதும். வீட்டில் மனைவி அதில்தான் கேட்கிறா. என் தொழிலுக்கு அது ஆகாது, தனிப்பட்ட பாவனைக்கு மட்டும் என்பது அவர்களின் நிபந்தனை. (விழாவில் பாட்டுப் போடுவதற்கான உரிமை வேறு விடயம். அதை எங்கள் தொழில்காரர் ஒருவரும் வாயெடுத்துப் பேசுவதில்லை, நான் உட்பட.)

சத்தத்துக்கு இன்றும் அசல் சீடியை நான் நம்புகிறேன். வெளிநாட்டிலிருந்து வரும் சொந்தக்காரரிடம் சொக்லேட்டுக்குப் பதிலாக அதைத்தான் கேட்கிறேன். அதை ஃபிளாக் (எதையும் வெட்டாமல் சுருக்கும் வகை) கோப்பாக மாற்றி வைத்தால் அளவு ஏறக்குறையப் பாதியாகும், சத்தத்தில் ஒரு துளியும் குறையாது. பாண்ட்கேம்ப் தளத்தில் பாட்டை வாங்கினால் ஃபிளாக்காகவே இறக்கிக்கொள்ளலாம். விற்பனையில் தளம் எடுப்பது 15 சதவீதம் அல்லது அதற்கும் குறைவு. காசு கட்டும் அட்டைக்கான கட்டணம் போக மிச்சம் பாடியவர் பக்கம் போகிறது. சினிமாப் பாட்டை அங்கே தேடிப் போகாதீர்கள், தனியாகப் பாட்டுப் போடும் கலைஞர்களுக்கான இடம் அது. இன்ரநெற் ஆர்க்கைவ் என்ற இணைய ஆவணத் தளத்தில் பழைய ஒலிப்பதிவுகள் நிறைய உண்டு. ஆனால் யாரும் ஏற்றலாம் என்பதால், அங்கே இருப்பதெல்லாம் உரிமை தெளிவானவை என்று எடுத்துக்கொள்ளக் கூடாது.

இத்தனையிலும் தேடி எனக்குக் கிடைக்காதவை எங்கள் ஊர்ப் பாட்டுகள். கோயில்களுக்கென்று இங்கேயே பாடி, இங்கேயே கசற்றாக வெளியிட்டவை. பாடியவர்கள் இருந்தால் நல்ல பதிவாக்கி விற்பனைக்கு விடட்டும், காசு கொடுத்து வாங்க நான் முதல் ஆள். விற்க விருப்பமில்லை என்றால் ஈழத்துத் தமிழ் ஆவணங்களை இணையத்தில் சேர்த்துவைக்கும் நூலக நிறுவனத்தின் ஆவணகத்துக்காவது கொடுக்கலாம். இல்லாவிட்டால் யாரோ ஒருவர் அந்த இலவசத் தளத்தில் ஏற்றுவார். பாடியவர் என்ற இடத்தில் தளத்தின் பெயர் வந்து குந்திவிடும்.

கோணேசர் மீது பாடிய இரண்டு கசற்றுகள் அட்டையோடு என்னிடம் இருக்கின்றன. மிருதங்கம் வாசித்தவரின் பெயர்கூட அதில் இருக்கிறது. அந்தக் குடும்பத்தார் யாரும் கேட்டால் பதிவாக்கிக் கொடுக்கிறேன். காசு வேண்டாம்.

இப்படிக்கு,
ஒலிபெருக்கிக்காரர் ஒருவர்,
உவர்மலை, திருகோணமலை.