டாலர் இல்லை மாப்பிள்ளை, டோலர்

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

போன வாரம் நீ போனில் ‘டோலர் ஹால்ல ரூம் கிடைச்சிருக்கு மாமா’ என்றது என் காதில் ‘டாலர் ஹால்’ என்று விழுந்தது. அமெரிக்காவில் விடுதிக்குக்கூட இப்படிப் பெயர் வைப்பார்கள் போல என்று உன் அம்மாவிடம் சொல்லிச் சிரித்தேன். அப்புறம்தான் தேடிப் பார்த்தேன். பர்ல் டோலர். அவரைப் பற்றிப் படிக்க உட்கார்ந்து, அன்றைக்குப் படுக்க இரண்டு மணியாகிவிட்டது. தினமும் அந்தப் பெயரைத் தாண்டித்தான் உள்ளே போகிறாய். யாரென்று தெரிந்துகொள்.

1951இல் உங்கள் சான் ஃபிரான்சிஸ்கோ பல்கலைக்கழகத்துக்கு ‘டான்ஸ்’ (நடனம் இல்லை, Dons) என்றொரு கால்பந்து அணி இருந்தது. நாம் ஆடும் கால்பந்து இல்லை. பந்தை அக்குளில் இடுக்கிக்கொண்டு ஓடுவார்களே, அது. ஜோ குஹாரிக் பயிற்சியாளர். அந்தப் பருவத்தில் ஒன்பது ஆட்டம், ஒன்பதிலும் வெற்றி. தடுப்பில் நின்ற ஜீனோ மார்க்கெட்டி, இரண்டாம் உலகப் போரில் சண்டை போட்டுத் திரும்பிய பிறகு கல்லூரிக்கு வந்தவர். பந்தோடு ஓடுவது ஆலி மேட்சன். அந்த ஒரு பருவத்தில் 1,566 கெஜம், நாட்டிலேயே அதிகம். (கெஜம் என்றால் எனக்குத் துணிக்கடைதான் ஞாபகம் வருகிறது. அவர் ஓடிய தூரத்துக்கு ஊருக்கே சட்டை தைக்கலாம்.) நியூயார்க்கில் ஃபோர்டம் அணியோடு ஆடியபோது, எதிரணி உதைத்தனுப்பிய பந்தைப் பிடித்து, தன் பக்கத்துக் கோடியிலிருந்து எதிர்க்கோடி வரை ஒரே ஓட்டம். ஒரு தடவை இல்லை, அதே ஆட்டத்தில் இரண்டு தடவை. 32-26 என்று ஜெயித்தார்கள்.

இப்படி ஆடிய அணியைப் புத்தாண்டை ஒட்டி நடக்கும் ‘பவுல்’ ஆட்டங்களுக்குக் கூப்பிட்டிருக்க வேண்டும். மயாமியில் ஆரஞ்சு பவுல், நியூ ஆர்லியன்ஸில் சுகர் பவுல், ஜாக்சன்வில்லில் கேட்டர் பவுல். பேரும் உண்டு, பணமும் உண்டு. மூன்றுமே தெற்கில், கறுப்பினத்தவரை ஒதுக்கிவைத்த அந்தக் காலத்துத் தெற்கில். மேட்சனும், அதே அணியில் ஆடிய நம் டோலரும் கறுப்பினத்தவர்கள். எதிரணிகள் அவ்வளவு வலுவில்லை என்று வெளியே ஒரு காரணம் சொல்லப்பட்டது. அந்த இரண்டு பேரை விட்டுவிட்டு வந்தால் ஆடலாம் என்பதுதான் உள்விவகாரம் என்று ஆட்டக்காரர்கள் பிற்பாடு சொன்னார்கள். அணியில் ஒருவர்கூட அதற்கு ஒத்துக்கொள்ளவில்லை. முடியாது என்றால் முடியாதுதான்.

அந்தப் பணம் அவர்களுக்கு எவ்வளவு தேவைப்பட்டது என்பதையும் பார். கால்பந்துச் செலவு வரவை மீறிக்கொண்டே போனதால், தோல்வியே காணாத அந்தப் பருவத்தோடு பெரிய அளவிலான கால்பந்தையே பல்கலைக்கழகம் நிறுத்திவிட்டது.

இந்தக் கதையைச் சொல்கிறவர்கள் பெரும்பாலும் இங்கேயே கைதட்டி முடித்துவிடுகிறார்கள். மேட்சன் 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் 400 மீட்டரில் வெண்கலமும் தொடரோட்டத்தில் வெள்ளியும் வாங்கினார். மார்க்கெட்டி, பாப் செயின்ட் கிளேர், மேட்சன் என்று ஒரே கல்லூரி அணியிலிருந்து மூன்று பேர் தொழில்முறைக் கால்பந்தின் புகழரங்கில் இடம்பிடித்தார்கள். சரி, பெரிய விஷயம்தான். என் மனசு நின்றது டோலரிடம்.

கிளீவ்லேண்ட் பிரவுன்ஸ் என்ற தொழில்முறை அணி அவரைத் தேர்ந்தெடுத்திருந்தது. அதற்குள் 1952இல் சிகாகோவில் ஒரு காட்சி ஆட்டத்தில் முட்டி போய்விட்டது. தொழில்முறையில் ஒரு ஆட்டம்கூட ஆட முடியவில்லை. மனுஷர் சான் ஃபிரான்சிஸ்கோவில் ஒரு பள்ளியில் வாத்தியாராகச் சேர்ந்தார். பிறகு அங்கேயே தலைமையாசிரியரும் ஆனார். 1965இல் என்.எஃப்.எல். என்ற தொழில்முறைக் கால்பந்து லீகின் முதல் கறுப்பின நடுவர் ஆனவரும் அவர்தான். அப்போது லீகின் தலைவர் யார் தெரியுமா? பீட் ரோஸல். 1951இல் டான்ஸ் அணிக்காகப் பத்திரிகைகளுக்குச் செய்தி கொடுத்துக்கொண்டிருந்த பையன்!

இன்னொன்று கேள். உன் விடுதிக்கு 2017 வரை ஃபீலன் ஹால் என்று பெயர். ஜேம்ஸ் ஃபீலன் அந்த ஊரின் மேயராக இருந்தவர், செனட்டராகவும் இருந்தவர். கலிஃபோர்னியாவை வெள்ளையாகவே வைத்திருப்போம் என்று 1920இல் தேர்தல் கோஷம் போட்டவர். சீனர், ஜப்பானியர் என்றால் ஆகவே ஆகாது. நம்மையும் எந்தப் பட்டியலில் சேர்த்திருப்பார் என்று சொல்ல வேண்டியதில்லை. மாணவர்கள் விடாமல் கேட்டுத்தான் பெயர் மாறியது.

டான்ஸ் அணியின் கடைசி ஆட்டம் லயோலாவோடு, பசடேனாவின் ரோஸ் பவுல் மைதானத்தில் நடந்தது. 20-2. அதற்கப்புறம் அழைப்புக்குக் காத்திருந்தார்கள், வரவில்லை. 1980 ஜனவரியில் அதே மைதானத்தில் என்.எஃப்.எல். லீகின் சூப்பர் பவுல் இறுதி ஆட்டம். கூட்டம் 1,03,985 பேர். கோட்டோரம் நடுவர் சட்டையோடு நின்றிருந்தவர்களில் ஒருவர் டோலர். சூப்பர் பவுலுக்கு ஒரு கறுப்பினத்தவர் நடுவராக வந்தது அதுதான் முதல் தடவை.

கோல்டன் கேட் பூங்காவின் ஓரத்தில் கீசர் மைதானம் இருக்கிறது, உன் விடுதியிலிருந்து நடந்தே போகலாம். டான்ஸ் ஆடிய பழைய அரங்கத்தை 1989இல் இடித்துச் சின்னதாகக் கட்டிவிட்டார்கள். இந்த ஞாயிற்றுக்கிழமை ஒரு நடை போய், போட்டோ எடுத்து அனுப்பு. உன் அம்மா இன்னும் டாலர் ஹால் என்றுதான் பக்கத்து வீட்டில் சொல்லிக்கொண்டிருக்கிறாள், அதையும் நீயே போனில் திருத்திவிடு.

அன்புடன்,
மாமா