டப்பாவில் எழுதியிருப்பதே உள்ளே இருக்கட்டும்: மருந்து கட்டுப்பாட்டு ஆணையங்களுக்கு ஒரு திறந்த மடல்

பல்வேறு நாடுகளின் மருந்து கட்டுப்பாட்டு ஆணையங்களில் பொறுப்பில் இருக்கும் பெருமக்களுக்கு,

வணக்கம். மருந்துக்கடையில் பணிபுரியும் ஒருவர் என்ற முறையில் இதை எழுதுகிறேன். தூக்கம் வர உதவும் மெலடோனின் என்ற ஹார்மோன், ஒரே பொருள்தான்; அது அமெரிக்காவில் மளிகைச் சாமான்களோடு சேர்த்து வாங்கக்கூடிய உணவுத் துணைப்பொருள். பிரிட்டனில் மருத்துவரின் சீட்டு இல்லாமல் கிடைக்காத மருந்து. கனடாவில் உரிமம் பெற்று விற்கப்படும் இயற்கை நலப்பொருள். ஆஸ்திரேலியாவோ 2021 ஜூன் முதல், 55 வயதும் அதற்கு மேலும் ஆனவர்களுக்கு மட்டும், மெதுவாகக் கரையும் 2 மில்லிகிராம் மாத்திரையைச் சீட்டு இல்லாமல் மருந்தாளுநரிடம் கேட்டு வாங்கிக்கொள்ள அனுமதித்திருக்கிறது.

நாட்டுக்கு நாடு சட்டம் மாறுவதில் எனக்கு வழக்கில்லை. ஆனால் கையில் இருக்கும் டப்பா எந்தச் சோதனையைத் தாண்டி வந்தது என்பது, தூக்கம் வராமல் அதை விழுங்குகிறவருக்குத் தெரிவதே இல்லை. வெளிநாட்டிலிருந்து உறவினர் வாங்கி வந்த டப்பாவைக் காட்டி, "இதைத் தினமும் போடலாமா?" என்று கேட்கிறார்கள். முன்பக்கத்தில் பிறைநிலாவும் கொட்டை எழுத்தில் 5 மி.கி. என்ற அளவும் இருக்கும். இதில் கூறப்படுவதை அரசு நிர்வாகம் மதிப்பிடவில்லை என்ற வாசகமோ, பின்பக்கத்தில் எறும்பு ஊர்வதுபோல் பொடி எழுத்தில் கிடக்கும். 1994ஆம் ஆண்டின் அமெரிக்கச் சட்டம் துணைப்பொருள்களுக்கு விற்பனைக்கு முந்தைய ஒப்புதல் தேவையில்லை என்று விட்டதன் விளைவு அந்த வாசகம்.

அந்த 5 மி.கி. உள்ளே இருக்கிறதா என்பதுதான் என் முதல் கவலை. கனடாவில் வாங்கிய 31 மெலடோனின் பொருள்களைச் சோதித்து 2017இல் வெளியான ஆய்வில், சிலவற்றில் எழுதியதைவிட 83 விழுக்காடு குறைவாகவும், சிலவற்றில் 478 விழுக்காடு வரை கூடுதலாகவும் மெலடோனின் இருந்தது. எட்டுப் பொருள்களில், டப்பாவில் சொல்லப்படாத செரோடோனின் என்ற, மூளையிலும் உடலிலும் வேலை செய்யும் வேதிப்பொருளும் இருந்தது. உரிமம் கேட்கும் நாட்டிலேயே இந்த நிலை என்பதால், உரிமம் மட்டும் போதாது என்றுதான் நான் கொள்கிறேன். 2023இல் அமெரிக்காவில் சோதித்த, மெலடோனின் மிட்டாய்களாக விற்கப்பட்ட 25 ஜெல்லி மிட்டாய்களில் 22 தவறான அளவைக் காட்டின. ஒன்றில் மெலடோனினே இல்லை. மிட்டாய் என்றால் குழந்தையின் கை போகாதா? குழந்தைகள் மெலடோனின் விழுங்கியதாக அமெரிக்க நச்சுத் தடுப்பு மையங்களுக்கு 2012இல் 8,337 தகவல்கள் வந்தன. 2021இல் அது 52,563 ஆகிவிட்டது.

மருத்துவர் எழுதித் தரும் சோல்பிடெம் என்ற தூக்க மாத்திரையிலும் குழப்பம் உண்டு. மறுநாள் காலை வண்டி ஓட்டும் திறனைக் கெடுக்கும் அளவுக்கு மருந்து இரத்தத்தில் தங்குவதைக் கண்டு, 2013இல் அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் பெண்களுக்கான அளவை 10 மில்லிகிராமிலிருந்து 5 ஆகக் குறைத்தது. மறு ஆண்டு ஐரோப்பிய மருந்துகள் முகமை 10 மில்லிகிராமையே இருபாலருக்கும் வைத்துக்கொண்டு, விழுங்கிய பின் எட்டு மணி நேரம் வண்டி ஓட்ட வேண்டாம் என்ற எச்சரிக்கையைச் சேர்த்தது. இரண்டு முடிவுகளுக்கும் காரணங்கள் இருக்கலாம். அவை மருந்தோடு வரும் தாளில் ஏன் இல்லை?

எச்சரிக்கை எல்லை தாண்டத் தாமதித்தால் என்ன ஆகும் என்பதைத் தாலிடோமைடில் பார்த்தோம். 1957இல் மேற்கு ஜெர்மனியில் சீட்டு இல்லாமல் விற்ற தூக்க மருந்து அது; கர்ப்பிணிகள் விழுங்கியதால் குழந்தைகள் கை கால் குறைபாடுகளோடு பிறந்தன. அமெரிக்காவில் உணவு, மருந்து நிர்வாகத்தின் ஆய்வாளர் ஃபிரான்சஸ் கெல்சி அதற்கு ஒப்புதல் தர மறுத்தார். 1961 நவம்பரில் ஜெர்மன் சந்தையிலிருந்து விலக்கப்பட்ட பிறகும், ஜப்பானில் 1962 செப்டம்பரில்தான் திரும்பப் பெற்றார்கள். இடைப்பட்ட மாதங்களில் அதை விழுங்கிய கர்ப்பிணிகளை எந்தச் சட்டத்தின் பெயரால் சமாதானப்படுத்துவது?

ஆகவே, மெலடோனினை உணவென்றோ மருந்தென்றோ எந்தப் பட்டியலில் வைத்தாலும், கடையிலிருந்தே டப்பாக்களை எடுத்துத் தனி ஆய்வகத்தில் சோதித்து, தயாரிப்பாளரின் பெயரோடு முடிவை வெளியிடுங்கள். குழந்தைகளால் திறக்க முடியாத மூடியைக் கட்டாயமாக்குங்கள். ஒரு நாடு தூக்க மருந்தின் அளவைக் குறைத்தாலோ எச்சரிக்கை சேர்த்தாலோ, மற்ற நாடுகள் ஆறு மாதத்துக்குள் அதை ஏற்கவோ, ஏற்காததற்கான காரணத்தை மக்களுக்குப் புரியும் மொழியில் வெளியிடவோ வேண்டும் என்று உங்களுக்குள் ஓர் உடன்பாடு செய்துகொள்ளுங்கள்.

இப்படிக்கு,
ஒரு மருந்தாளுநர்