2015ஐ ஏன் விட்டுவிட்டீர்கள்?

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற வாரம் வந்த சென்னை மழைக் கணக்கில் 2015ஐ மட்டும் 'விதிவிலக்கு' என்று ஒதுக்கிவிட்டுச் சராசரி போட்டிருந்தீர்கள். எந்தக் கணக்கை வைத்து ஒதுக்கினீர்கள் என்று ஒரு வரிகூட இல்லை.

எங்கள் வேளச்சேரி அபார்ட்மெண்டில் 10 வீடுகள், லாரித் தண்ணீர் செலவை மீட்டர் பார்த்துத்தான் பிரித்துக்கொள்கிறோம். ஒன்பது வீடுகளில் ஒரு நாளைக்கு 380லிருந்து 560 லிட்டர் வரை, மீதி ஒரு வீட்டில் 4,200! செக்ரட்டரி எக்செலைத் திறந்து, சராசரியோடு மூன்று மடங்கு திட்ட விலக்கத்தை (எண்கள் சராசரியிலிருந்து பொதுவாக எவ்வளவு தள்ளி நிற்கின்றன என்ற அளவு) கூட்டினார், 4,385 என்று வந்தது, 4,200 அதற்குள் அடங்கிவிட்டதால் 'எல்லாம் நார்மல் சார்' என்று மூடிவைத்துவிட்டார். அந்த ஒரு எண்ணே சராசரியையும் விலக்கத்தையும் சேர்த்து ஏற்றிவிட்டு அதன் பின்னால் ஒளிந்துகொள்கிறது என்பது அவருக்குத் தோன்றவில்லை. மொத்தமே 10 எண்கள்தான் என்றால் ஒன்றை லட்சமாக்கினாலும் அது சராசரியிலிருந்து மூன்று விலக்கத் தூரத்தைத் தொடாது, 2.85 விலக்கத்துக்குள் நின்றுவிடும். (நம்பாதவர்கள் போட்டுப் பார்க்கலாம்.)

அமெரிக்கப் புள்ளியியலாளர் ஜான் டூகி சொன்ன வழி எளிது. எண்களைச் சிறியதிலிருந்து வரிசைப்படுத்தி நான்கு பங்காக்கினால், முதல் கால் பங்கு முடியும் இடம் (முதல் கால்மானம்) 430, முக்கால் பங்கு முடியும் இடம் (மூன்றாவது கால்மானம்) 540, இடைவெளி 110. அதில் ஒன்றரை மடங்கை 540உடன் கூட்டினால் 705. அதற்கு மேல் போனால் சந்தேகம், அவ்வளவுதான். அப்புறம் அந்த வீட்டுக்குப் போய்ப் பார்த்தோம், இருப்பது இரண்டே பேர், ஃப்ளஷ் டேங்க் வால்வு பழுதாகி ராத்திரி பகலாகத் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது.

சரி, அது பழுது. ஆனால் 2015 டிசம்பர் 1 காலையிலிருந்து மறுநாள் காலைக்குள் நுங்கம்பாக்கத்தில் 294 மி.மீ., மீனம்பாக்கத்தில் 345 மி.மீ. பெய்ததே, அது எந்தக் கருவியின் கோளாறும் இல்லை, நாங்கள் முழங்காலுக்கு மேல் தண்ணீரில் நின்ற உண்மை. வடிகாலின் அளவை முடிவு செய்பவருக்கு மற்ற எல்லா வருஷத்தையும்விட அந்த வருஷம்தான் முக்கியம். சராசரி கெடுகிறது என்றால் இடைநிலை அளவை (வரிசைப்படுத்தினால் நடுவில் வரும் எண்) போடுங்கள், அதை ஒற்றை வருஷத்தால் பெரிதாக அசைக்க முடியாது.

2015ஐயும் சேர்த்து அந்தப் பட்டியலை ஒருமுறை மறுபடி வெளியிட முடியுமா?

– ஒரு வாசகர், வேளச்சேரி, சென்னை