அண்ணாச்சிக்கு ஒரு கடிதம்

அம்பாசமுத்திரம்

அன்புள்ள அண்ணாச்சிக்கு,

வணக்கம். உங்கள் கடிதம் கிடைத்தது. பிசான அறுவடை முடிந்து நெல் வீடு வந்து சேர்ந்துவிட்டது. தங்கை மகளின் ஜீவனாம்ச வழக்கு எந்த மட்டில் இருக்கிறது என்று கேட்டிருந்தீர்கள். மூன்று வருடம் முடிந்தும் இடைக்கால ஜீவனாம்சம்கூட இன்னும் கைக்கு வரவில்லை.

நீதிபதிகள் போதாமல் வழக்குக் கட்டுகள் குவிந்து கிடப்பதுதான் தாமதத்துக்குக் காரணம் என்று எழுதியிருந்தீர்கள். அதை நான் மறுக்கவில்லை. காலையில் குடும்ப நீதிமன்ற வராந்தாவில் நிற்க இடம் கிடைக்காது. நீதிபதி மாறுதலாகிப் போனால் அடுத்தவர் வரும்வரை வாய்தாவுக்கு மேல் வாய்தாதான். ஆனாலும் அவளுக்குத் துணையாக இத்தனை முறை போய் வந்த பிறகு, எங்கள் வழக்கின் முதல் வருடத்தைத் தின்றது அந்தக் குவியல் அல்ல, ஒரு தபால் உறைதான் என்று எனக்குப் படுகிறது. மாப்பிள்ளை திருப்பூரில் வேலை பார்க்கிறார். அவர் விலாசத்துக்குப் போன நோட்டீஸ், 'கதவு பூட்டியிருக்கிறது' என்று தபால்காரர் நீல மையில் சாய்வாக எழுதிய குறிப்போடு இரண்டு முறை திரும்பி வந்தது. ஒவ்வொரு முறையும் நோட்டீஸ் அனுப்புவதற்கான கட்டணத்தைப் புதிதாகக் கட்டி, அடுத்த தேதி வாங்கிக்கொண்டு ஊர் திரும்பினோம்.

இதில் ஒரு சூட்சுமம் இருப்பதை வக்கீல் சொல்லித்தான் அறிந்தேன். இடைக்கால ஜீவனாம்ச மனுவைக் கூடியமட்டும் 60 நாளில் முடிக்க வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. ஆனால் அந்த 60 நாள், மனுப் போட்ட அன்றிலிருந்து அல்ல, எதிர்மனுதாரருக்கு நோட்டீஸ் சேர்ந்த அன்றிலிருந்துதான் தொடங்குகிறது. விவாகரத்து வழக்கை ஆறு மாதத்தில் முடிக்க முயல வேண்டும் என்று இந்துத் திருமணச் சட்டம் சொல்வதும் அதே கணக்குதான். ஆக, தபால்காரரைக் கண்டு கதவைச் சாத்துகிறவன் சட்டத்தின் கடிகாரத்தையே நிறுத்திவிடுகிறான். வேண்டுமென்றே நோட்டீஸை வாங்காதவர் மீது, அவர் வராமலே ஒருதலைப்பட்சமாக உத்தரவிடலாம் என்று அந்த ஜீவனாம்சச் சட்டத்தில் இருக்கிறது. எங்களுக்கும் அப்படி ஓர் உத்தரவு கிடைத்தது. மூன்று மாதத்துக்குள் காரணம் காட்டினால் அதை ரத்து செய்யலாம் என்பதும் இருக்கிறதே! கதவு பூட்டியே கிடந்த வீட்டுக்காரர் எண்பதாவது நாளில் வக்கீலோடு வந்து நின்றார்.

சமரசம் பேச வைத்த நாட்களை நான் குறை சொல்ல மாட்டேன். 1984ஆம் வருடக் குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் நோக்கமே அதுதான், சில குடும்பங்கள் அங்கே சேர்ந்து போனதையும் கண்ணால் பார்த்தேன். ஆனால் சேர்வதா பிரிவதா என்று யோசிக்க அவகாசம் தருவது வேறு, பிள்ளையின் பள்ளிக் கட்டணத்தைக் காக்க வைப்பது வேறு. மனுப் போட்டபோது எல்.கே.ஜி.யில் இருந்த பேத்தி, இப்போது வராந்தாப் பெஞ்சில் உட்கார்ந்து சுவரில் ஒட்டியிருக்கும் வழக்குப் பட்டியலை எழுத்துக்கூட்டி வாசிக்கிறாள். அன்று 125 என்றிருந்த ஜீவனாம்சப் பிரிவுக்குக்கூட 2024இல் 144 என்று எண் மாறிவிட்டது, வாய்தா மாறவில்லை.

மனுப் போட்ட நாளிலிருந்தே ஜீவனாம்சம் கணக்கிட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2020இல் ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் சொல்லியிருப்பதால், நிலுவை ஏறிக்கொண்டுதான் போகும் என்று வக்கீல் தைரியம் சொல்கிறார். ஏறுகிற நிலுவையை வைத்து இந்த மாத மளிகைக்கடைக் கணக்கைத் தீர்க்க முடியுமா, அண்ணாச்சி?

அதே தீர்ப்பின்படி இருவரும் சொத்து, வருமான விவரத்தைப் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்ய வேண்டும். மாப்பிள்ளை தமக்கு வேலையே இல்லை என்று எழுதிக் கொடுத்திருக்கிறார். உங்கள் மருமகன் திருப்பூரில்தானே இருக்கிறார்? அவர் எந்தப் பனியன் கம்பெனிக்குப் போய் வருகிறார் என்று மட்டும் விசாரித்து எழுதச் சொல்லுங்கள். அடுத்த வாய்தா சித்திரை பிறந்து இரண்டாவது வாரம். அதற்கு முன்னால் தெரிந்தால், சம்பளப் பதிவேட்டை வரவழைக்க மனுப் போடலாம் என்று வக்கீல் காத்திருக்கிறார்.

மதினியைக் கேட்டதாகச் சொல்லுங்கள்.

அன்புடன்,
உங்கள் பழைய பெஞ்சுக்காரன்