சபுராளி காக்காமார்களுக்கு: விமானம் ஏறுமுன் பிள்ளையின் கேம் மெஷினில் அந்த ஒரு செட்டிங்கைப் போட்டுவிட்டுப் போங்கள்

துபாயிலும் ஷார்ஜாவிலும் தோஹாவிலும் ரியாத்திலும் இருக்கும் கீழக்கரை, ஏர்வாடி, பெரியபட்டினம், பனைக்குளம், தேவிபட்டினம், தொண்டி ஊர்க்காரர்களுக்கு, அதாவது சபுராளிகள் என்று நாம் சொல்லும் கடல்தாண்டிப் பிழைக்கப் போன அண்ணன்மார்களுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும்.

கீழக்கரையில் செல்போன் சர்வீஸ் கடை வைத்திருக்கிறேன். செல்போனுக்கு அடுத்தபடியாக என் மேசைக்கு வருவது, நீங்கள் லீவில் வரும்போது பிள்ளைகளுக்கு வாங்கிவரும் கேம் கன்சோல்கள், அதாவது டிவியில் மாட்டி விளையாடும் மெஷின்கள். அதில் பெரும்பாலும் ரிப்பேர் என்று எதுவும் இருக்காது. நீங்கள் இருந்த நாளெல்லாம் ஓடிய கேம், நீங்கள் திரும்பிப் போன கொஞ்ச நாளில் பூட்டுப் படம் காட்டும். வீட்டில் உள்ளவர்கள் மெஷினைத் துணிப்பையில் வைத்து எடுத்து வருவார்கள். பையன் பின்னாலேயே முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு நிற்பான். "போன மாசம் வாங்கினது தம்பி, அதுக்குள்ள கெட்டுப்போச்சு" என்பார்கள். கெட்டுப்போகவில்லை. விளையாடும் உரிமை உங்களோடு துபாய் போய்விட்டது, அவ்வளவுதான். அதனால்தான் வீட்டாருக்குச் சொல்லாமல் உங்களுக்கே எழுதுகிறேன்.

டிஸ்க் வாங்கினால் யார் கையில் டிஸ்க் இருக்கிறதோ அவர் விளையாடலாம். கம்பெனியின் ஆன்லைன் ஸ்டோரில் டவுன்லோட் செய்து வாங்கிய கேம் அப்படி இல்லை. அது உங்கள் அக்கவுன்ட்டின் பெயரில் இருக்கிறது. ரேஷன் கார்டு குடும்பத் தலைவர் பெயரில் இருந்தாலும் அரிசி வாங்கிச் சமைப்பது வீட்டில் இருப்பவர்கள்தானே, அதுபோல ஒரு வசதியைக் கம்பெனிகளும் வைத்திருக்கின்றன. உங்கள் அக்கவுன்ட்டுக்கு ஒரு மெஷினை 'வீட்டு மெஷின்' என்று பதிந்துவைத்தால், அதில் யார் அவரவர் பெயரில் நுழைந்தாலும் உங்கள் கேம்களை விளையாடலாம். நெட் இல்லாவிட்டாலும் ஓடும். மற்ற எந்த மெஷினிலும் நீங்களே உள்ளே நுழைந்து, நெட்டும் இருந்தால்தான் அந்தக் கேம்கள் திறக்கும்.

பிஎஸ்4-இல், அதாவது பிளேஸ்டேஷன் 4-இல், இதற்குப் பெயர் பிரைமரி. பிஎஸ்5-இல் கன்சோல் ஷேரிங் அண்ட் ஆஃப்லைன் பிளே. செட்டிங்ஸில் யூசர்ஸ் அண்ட் அக்கவுன்ட்ஸ், அதற்குள் அதர் என்ற இடத்தில் கிடக்கும். மைக்ரோசாஃப்ட்டின் எக்ஸ்பாக்ஸில் ஹோம் எக்ஸ்பாக்ஸ் என்பார்கள். அங்கே அதை மாற்றுவதற்கு ஆண்டுக்கு இத்தனை தடவை என்று வரம்பு உண்டு, விளையாட்டாக மாற்றிப் பார்க்காதீர்கள்.

கோளாறு எங்கே நடக்கிறது என்றால், பிஎஸ்5-இல் இந்த உரிமை பெரும்பாலும் நீங்கள் முதன்முதலில் நுழையும் மெஷினுக்குத் தானாகவே போய்விடும். நீங்கள் முதலில் நுழைந்தது எங்கே? உங்கள் பேச்சிலர் ரூமில், ரூம் நண்பரின் மெஷினில். ஆக, நீங்கள் திர்ஹம் கொடுத்து வாங்கிய கேமை அங்கே கட்டிலில் படுத்துக்கொண்டு அவர் விளையாடுகிறார், இங்கே உங்கள் மகன் பூட்டைப் பார்த்துக்கொண்டிருக்கிறான். லீவில் நீங்கள் இங்கே இருந்தபோது உங்கள் பெயரிலேயே எல்லாரும் விளையாடியதால் யாருக்கும் இது தெரியவில்லை.

எனவே வீட்டு உரிமையை ஊரில் இருக்கும் மெஷினுக்கே கொடுங்கள் என்பதுதான் என் கோரிக்கை. அங்கே உங்களுக்கு நெட் எப்போதும் இருக்கிறது, உங்கள் பெயரில் நுழைந்தால் உங்கள் கேம் எங்கும் திறக்கும், உங்களுக்கு ஒரு நஷ்டமும் இல்லை. இங்கேதான் நெட்டை நம்ப முடியாது. 2024 நவம்பரில் ராமேசுவரத்தில் ஒரே நாளில் 40 சென்டிமீட்டருக்கு மேல் மழை கொட்டியது நினைவிருக்கும். கடலோரத்தில் அப்படி ஒரு மழை வந்தால் கரன்ட் திரும்பிய பிறகும் நெட் எப்போது வரும் என்று சொல்ல முடியாது. பள்ளிக்கூடம் லீவு, வெளியே போக வழியில்லை, பிள்ளை விளையாட உட்காரும் நேரமே அதுதான். கம்பெனி பக்கமும் படுத்துவிடுவது உண்டு. 2025 பிப்ரவரியில் பிளேஸ்டேஷனின் நெட்வொர்க் உலகம் முழுக்க ஏறத்தாழ ஒரு நாள் நின்றுபோனது. வீட்டு மெஷினாகப் பதிந்திருந்தவர்கள் தனியாக ஆடும் கேம்களை அன்றைக்கும் ஆடினார்கள்.

உம்மா வீட்டில் பழைய பிஎஸ்4, மனைவி வீட்டில் புது பிஎஸ்5 என்று நம் பக்கம் நிறையப் பேருக்கு இருக்கிறது. ஒரே அக்கவுன்ட்டுக்கு ஒரு பிஎஸ்4, ஒரு பிஎஸ்5 இரண்டையும் பதியலாம். தம்பிக்கும் மகனுக்கும் நடுவில் நீங்கள் பஞ்சாயத்துப் பண்ண வேண்டியதில்லை.

அடுத்து, பிள்ளைக்குத் தனி அக்கவுன்ட் போட்டுக்கொடுங்கள். இதைச் சோம்பல்பட்டு விட்டுவிட்டு, "என் பேர்லயே விளையாடட்டும்" என்கிறீர்கள். அவன் இங்கே உங்கள் பெயரில் நுழைந்தால் நீங்கள் அங்கே வெளியே தள்ளப்படுவீர்கள், நீங்கள் நுழைந்தால் அவன் வெளியே. வேலை முடிந்து வந்து ஒரு மேட்ச் ஆடலாம் என்று உட்காரும்போது கீழக்கரையிலிருந்து மகன் உங்களைத் துரத்துவான். அதைவிடப் பெரிய சங்கடம் உங்கள் கார்டு. அது அக்கவுன்ட்டில் சேமித்துக் கிடக்கிறது. கேமுக்குள் காயின், சட்டை, துப்பாக்கி என்று பட்டன் மேல் பட்டன். பிள்ளை அக்கவுன்ட்டை உங்கள் அக்கவுன்ட்டின் குடும்பக் குழுவுக்குள் சேர்த்தால் செலவுக்கு வரம்பு, விளையாடும் நேரத்துக்கு வரம்பு எல்லாம் நீங்கள் அங்கிருந்தே போனில் வைக்கலாம். உங்கள் பெயருக்கு நாலு இலக்கப் பூட்டும் போடுங்கள். கார்டை எடுத்துவிட்டு கிஃப்ட் கார்டு போடுவது இன்னும் நல்லது, ஆனால் உங்கள் அக்கவுன்ட் எமிரேட்ஸ் ஸ்டோரில் இருந்தால் அந்த நாட்டுக் கார்டுதான் ஏறும். ராமநாதபுரத்தில் ரூபாய் கொடுத்து வாங்கிய கார்டை அதில் போட முடியாது. இது தெரியாமல் வாங்கிவிட்டு என்னிடம் வந்து நிற்பவர்களுக்கு என்னால் ஒன்றும் செய்ய முடிவதில்லை.

பூட்டு விழுந்தால் எல்லாமே ஷேரிங் கோளாறும் இல்லை. பிஎஸ் பிளஸ் சந்தாவில் மாதாமாதம் கிடைக்கும் கேம்கள் சந்தா உள்ளவரைதான். நீங்கள் புதுப்பிக்காமல் விட்டால் வீட்டிலும் அவை அடைபடும். காசு கொடுத்து வாங்கியது மட்டும் நிற்கும். வீட்டில் கேட்டால், "மிஷின் போச்சு" என்று சொல்வார்கள். முதலில் சந்தாவைப் பாருங்கள்.

நின்டெண்டோ ஸ்விட்ச் வாங்கி அனுப்புபவர்கள் கொஞ்சம் கவனம். 2025 ஏப்ரல் கடைசியிலிருந்து நின்டெண்டோ கம்பெனிக்காரர்கள் டவுன்லோட் கேம்களை விர்ச்சுவல் கேம் கார்டு என்று மாற்றிவிட்டார்கள். கேமை ஒரு மெஷினிலிருந்து கழற்றி இன்னொன்றில் மாட்டுவது போல. குடும்பக் குழுவில் உள்ள ஒருவருக்கு இரண்டு வாரம் கடனும் கொடுக்கலாம், ஆனால் அப்படிக் கொடுக்க இரண்டு மெஷினும் பக்கத்தில் பக்கத்தில் இருக்க வேண்டும். அபுதாபியில் இருந்துகொண்டு ஏர்வாடிக்குக் கடன் கொடுக்க முடியாது. உங்கள் அக்கவுன்ட்டையே இரண்டு மெஷினில் வைக்கலாம், முதல் தடவை மட்டும் இரண்டையும் அருகருகே வைத்து இணைக்க வேண்டும், அப்புறம் நெட் வழியாகவே கழற்றி மாட்டலாம். எனவே லீவில் வரும்போது உங்கள் ஸ்விட்சையும் கையோடு கொண்டுவாருங்கள். கோடாலித் தைலம் ஒரு டஜன் குறைந்தாலும் பரவாயில்லை.

இந்த விதிகளை எழுதுபவர்கள் குடும்பம் என்றால் ஒரே சோபாவில் உட்கார்ந்திருப்பவர்கள் என்றே நினைக்கிறார்கள் போலும். கடலுக்கு அந்தப் பக்கம் சம்பாதிப்பவரும் இந்தப் பக்கம் சாப்பிடுபவரும் ஒரே குடும்பம் என்பது அவர்கள் கணக்கில் இல்லை. வேடிக்கை என்னவென்றால், 2013-இல் எக்ஸ்பாக்ஸ் ஒன் வருவதற்கு முன்னால் மைக்ரோசாஃப்ட் சொன்ன திட்டத்தில் குடும்பத்தில் பத்துப் பேர் வரை, எந்த மெஷினிலிருந்தும் உங்கள் கேம்களை எடுத்து ஆடலாம் என்று இருந்தது. நமக்கென்றே தைத்த சட்டை மாதிரிதான் தெரியும். ஆனால் 24 மணி நேரத்துக்கு ஒரு தடவை மெஷின் நெட்டில் தலைகாட்ட வேண்டும் என்ற நிபந்தனையும் கூடவே வந்தது. டிஸ்க்கைக் கைமாற்றவும் கட்டுப்பாடு வைத்தார்கள். ஊரெல்லாம் கத்தியதில் அந்த ஆண்டு ஜூன் 19-ஆம் தேதி எல்லாவற்றையும் வாபஸ் வாங்கினார்கள், அந்தப் பத்துப் பேர் வசதியும் அதோடு போயிற்று. நம் கரன்ட்டையும் நெட்டையும் வைத்துப் பார்த்தால் போனதே நல்லது என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

அதனால் முடிந்தவரை டிஸ்க் வாங்குங்கள் என்பேன். பனைக்குளத்தில் ஒரு டிஸ்க் வந்து இறங்கினால் தெருவே ஆடி முடித்துவிட்டுத்தான் திருப்பிக் கொடுக்கும். விலை குறைவு என்று டிஸ்க் டிரைவ் இல்லாத டிஜிட்டல் எடிஷனை வாங்கிவிடாதீர்கள். ஏற்கெனவே வாங்கியிருந்தால், 2023 கடைசியிலிருந்து வந்த பிஎஸ்5 ஒல்லி (ஸ்லிம்) மாடலுக்கு டிரைவைத் தனியாக வாங்கி மாட்டலாம். மாட்டும்போது ஒரு தடவை நெட் வேண்டும்.

வாட்ஸ்அப்பிலும் இன்ஸ்டாவிலும், "பிரைமரி அக்கவுன்ட் இவ்வளவு, செகண்டரி இவ்வளவு" என்று கேம் விற்கிறார்களே, அதில் தலையைக் கொடுக்காதீர்கள். நீங்கள் மேலே படித்த அதே வசதியைத்தான் யாரோ ஒருவர் முன்பின் தெரியாத பலருக்குக் கூறு போட்டு விற்கிறார். கம்பெனி விதிப்படி அது கூடாது. விற்றவரே பாஸ்வேர்டை மாற்றினால் அன்றோடு சரி. ரசீதும் கிடையாது, நீங்கள் யாரிடம் போய்க் கேட்பீர்கள்?

இன்னொன்று, இதை யாரும் யோசிப்பதில்லை. அக்கவுன்ட்டின் ஓடிபி உங்கள் கல்ஃப் நம்பருக்குப் போகிறது. விசா கேன்சலாகி ஊரோடு வந்துவிட்டால் அந்த சிம் செத்துவிடும், சில வருடம் காசு போட்டு வாங்கிய கேமெல்லாம் கதவுக்கு அந்தப் பக்கம் நிற்கும். வேலை பார்க்கும் கம்பெனி கொடுத்த ஈமெயிலில் அக்கவுன்ட் திறந்தவர்களுக்கும் இதே கதிதான். இப்போதே சொந்த ஈமெயிலுக்கு மாற்றுங்கள், ஓடிபி-க்குப் பதில் சிம் இல்லாமலே போனில் நம்பர் காட்டும் ஆதென்டிகேட்டர் ஆப் போடுங்கள், அவசரத்துக்கு நுழையத் தரும் பேக்கப் கோடுகளை ஒரு தாளில் எழுதி மனைவியிடம் கொடுத்து வையுங்கள். நகை இருக்கும் பீரோவில் இருக்கட்டும்.

ஏற்கெனவே விமானம் ஏறிவிட்டீர்களா? வழி இருக்கிறது. உங்கள் வார லீவு நாளில் வீடியோ காலில் வாருங்கள். வீட்டு பிஎஸ்5-இல் புது யூசர் சேர்க்கச் சொன்னால் திரையில் கியூஆர் கோடு வரும், அதை உங்கள் போனில் பிளேஸ்டேஷன் ஆப்பால் ஸ்கேன் செய்து அங்கிருந்தே நுழையலாம். கோடு சீக்கிரம் காலாவதியாகும், கொஞ்சம் வேகமாகச் செய்யுங்கள். நுழைந்ததும் ஷேரிங்கை வீட்டு மெஷினில் போட்டால் ரூம் நண்பரின் மெஷினில் தானாகக் கழன்றுவிடும். அவருக்கு முன்கூட்டியே ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள், பாவம். அந்த மெஷினை விற்றாயிற்று, யார் கையில் இருக்கிறதோ தெரியாது என்றாலும் கவலையில்லை. இணையதளத்தில் எல்லா மெஷினையும் ஒரே அடியாக நீக்கலாம், ஆனால் ஆறு மாதத்துக்கு ஒரு தடவைதான்.

வீட்டில் யாருக்கும் செய்யத் தெரியவில்லை என்றால் கடைக்கு அனுப்புங்கள், நீங்கள் லைனில் இருந்தால் போதும். வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து திறப்பேன். மெஷினோடு எச்டிஎம்ஐ கேபிள், பவர் கேபிள், ஜாய்ஸ்டிக் மூன்றையும் எடுத்து வரச் சொல்லுங்கள். துபாய் பின் என்றால் அடாப்டர் என்னிடம் இருக்கிறது.